சிவப்புத் துணுக்குகள் போன வழி

வாசலில் மூன்று படிகள். காலையில் ஜுவேரியா எண்ணியபோது மூன்றும் இருந்தன. பத்து மணிக்கு இரண்டுதான் தெரிந்தன. இப்போது ஒன்றரைப் படிதான்.

"அம்மா, ரெண்டாவது படியும் பாதி போயிடுச்சு!"

"எண்ணாதேன்னு சொன்னேன்ல? நீ எண்ண எண்ணத்தான் அது ஏறுது" என்றார் அம்மா ஜமீலுன்னிசா. அவர் கையில் அரிசி டப்பா இருந்தது. தரையில் கிடந்த சாமான்கள் எல்லாம் ஒவ்வொன்றாகப் பரணுக்கு ஏறிக்கொண்டிருந்தன.

முன் அறையில் அவளுடைய அத்தா, அதாவது அப்பா, தையல் இயந்திரத்தின் கால்களுக்கு அடியில் செங்கல் வைத்துக்கொண்டிருந்தார். அவர் பெயர் ஹபீபுர் ரஹ்மான். தையல்காரர். அந்த முன் அறைதான் அவருடைய கடை. கிறிஸ்துமஸுக்குச் சர்ச் பாடகர் குழு போடுவதற்காக இருபத்திரண்டு சிவப்பு அங்கிகள் தைத்துக்கொண்டிருந்தார். தைத்தது, தைக்காதது எல்லாவற்றையும் பிளாஸ்டிக் பையில் சுற்றி மேலே வைத்தாயிற்று.

போன வருடம் இதே கார்த்திகை மாதத்தில் தண்ணீர் வீட்டுக்குள் வந்துவிட்டது. கல்யாணத் துணி மூட்டை ஒன்று நனைந்து சாயம் இறங்கிப் போனது. இயந்திரத்தின் மோட்டாரும் போனது. அதற்கு முந்தைய வருடமும் இப்படித்தான். அதனால் இந்த வருடம் மழை ஆரம்பித்ததுமே அத்தா சொல்லிவிட்டார்: "இந்தத் தடவையும் தண்ணி வாசல் தாண்டி உள்ள வந்துச்சுன்னா ஆவடிக்குப் போயிடலாம். பெரியத்தா வீட்டுப் பக்கத்துல மாடி வீடு ஒண்ணு காலியா இருக்கு."

அவர் கோபமாகச் சொல்லியிருந்தால்கூட ஜுவேரியா அவ்வளவு பயந்திருக்க மாட்டாள். மெதுவாகச் சொன்னார். அத்தா மெதுவாகச் சொன்னால் அது நடக்கும்.

ஆவடியில் அவளுடைய தோழி ஜொவிட்டா கிடையாது. ஐந்து படி ஏறினால் வந்துவிடும் பள்ளிக்கூடம் கிடையாது. இந்தச் சந்தே கிடையாது. அதனால்தான் படிகளை எண்ணிக்கொண்டே இருந்தாள். நீங்களாக இருந்தாலும் எண்ணியிருப்பீர்கள்.

மேற்கு மாம்பலத்தில் இருக்கும் அந்தச் சந்துக்கு ஏரிக்கரைச் சந்து என்று பெயர். மொத்தமே ஏழு வீடுகள். ஒரு முனையில் மெயின் ரோடு. இன்னொரு முனையில் ஒரு சுவரும், பக்கத்தில் ஐந்து படிகளும். படி ஏறினால் பள்ளிக்கூடத் தெரு.

சுவரை ஒட்டி இரண்டு கல் தூண்கள் நின்றன. அவற்றின் தலைமேல் குறுக்கே ஒரு கல் பலகை. பலகையின் நடுவில் வட்டமாக ஓர் ஓட்டை. யார் நட்டது, எதற்காக நட்டது என்று சந்தில் யாருக்கும் தெரியாது. பிள்ளைகளுக்கு அது கோல் போஸ்ட். எதிர் வீட்டுப் பங்கஜம் மாமிக்குத் துணி காயப் போடக் கொடி கட்டும் இடம். கேபிள்காரருக்கு வயர் சுற்றும் இடம்.

தூண்களுக்கு இடையில், சுவரின் அடியில், ஒரு சதுர வாய் இருந்தது. அதுதான் சந்துக்கே எதிரி. பெரிய வெள்ளம் வந்த வருடம் அந்த வாய் வழியாகத்தான் தண்ணீர் பொங்கி வந்து ஏழு வீடுகளையும் மூழ்கடித்தது. அதற்குப் பிறகு ஒவ்வொரு வருடமும் ஐப்பசி மாதம் முதல் ஞாயிற்றுக்கிழமை சந்தில் 'மூட்டை நாள்'. எல்லோரும் பழைய அரிசிச் சாக்குகளில் மணலை நிரப்பி அந்த வாயை அடைப்பார்கள். ஜொவிட்டாவின் அப்பா லூயிஸ், ஒரு பள்ளியில் பி.டி. மாஸ்டர். கழுத்தில் விசிலோடு அவர்தான் முன்னால் நின்று வேலை வாங்குவார். ஒரு விசில் என்றால் தூக்கு, இரண்டு விசில் என்றால் வை. வேலை முடிந்ததும் அம்மா செய்த சமோசாவும் பங்கஜம் மாமியின் சுண்டலும் வரும். ஒரு திருவிழா மாதிரி இருக்கும்.

ஆனால், அத்தனை மூட்டை வைத்தும் வருடா வருடம் தண்ணீர் ஏறியது. அடுத்த வருடம் இன்னும் நாலு மூட்டை கூடுதலாக வைப்பார்கள்.

"ஜுவேரியா, உன் சார்ட்டை எடுத்து வை. நனைஞ்சிடப் போகுது!" என்று அம்மா கத்தினார்.

பள்ளியில் 'நான் வாழும் இடம்' என்று கண்காட்சி. ஜுவேரியாவும் ஜொவிட்டாவும் லூயிஸ் அங்கிளோடு கோட்டூர்புரம் நூலகத்துக்குப் போய், ஒரு பழைய புத்தகத்தில் தங்கள் பகுதியின் வரைபடத்தைத் தேடிப் பிடித்திருந்தார்கள். அத்தா பூவேலைக்கு டிசைன் எடுக்க வைத்திருந்த டிரேசிங் பேப்பரில் ஜுவேரியா அதை அப்படியே வரைந்து வந்திருந்தாள்.

அந்தக் காலத்தில் அங்கே ஓர் ஏரி இருந்தது. கரையை ஒட்டிப் பதினேழு வீடுகள் உள்ள ஒரு சின்ன ஊர். அந்த ஊர்க்காரர்கள் ஏரித் தண்ணீரில் நெல் விளைவித்தார்கள், மீன் பிடித்தார்கள். ஐப்பசியிலும் கார்த்திகையிலும் ஒரு வீடு மாற்றி ஒரு வீடு, முறை போட்டுக்கொண்டு மதகுக்குக் காவல் இருந்தார்கள். இதெல்லாம் அந்தப் புத்தகத்தில் இருந்தது.

"அந்த ஊரே எங்க சந்துதான் டீச்சர்!" என்று ஜுவேரியா வகுப்பில் பெருமையாகச் சொன்னாள்.

டீச்சர் படத்தைப் பார்த்துவிட்டு, "உங்க சந்து கரையில இருக்கா, ஏரியில இருக்கா? நல்லா பாத்துட்டு வா" என்றார். வகுப்பே சிரித்தது. ஜுவேரியாவுக்கு மூஞ்சி தொங்கிப் போனது. ஏரிக்கரைச் சந்து கரையில் இல்லாமல் வேறு எங்கே இருக்கும்?

இப்போது படத்தைச் சுருட்டப் போனவள் அப்படியே நின்றாள். படத்தில் ஏரியின் கரை ஓர் இடத்தில் அரிவாள் போல வளைந்தது. பள்ளிக்கூடத் தெருவும் அப்படித்தான் வளையும்.

அப்போதுதான் அவளுக்கு ஐந்து படிகள் நினைவுக்கு வந்தன. சுற்றுவட்டாரத்தில் எந்தத் தெருவுக்குப் போகவும் படி ஏற வேண்டியதில்லை. இங்கே மட்டும் எதற்கு ஐந்து படி?

பள்ளிக்கூடத் தெருதான் கரை. அப்படியென்றால் இந்தச் சந்து? விரலை வைத்துப் பார்த்தாள். விரல் நீல நிறத்தின் மேல் இருந்தது.

"அம்மா! நம்ம வீடு ஏரிக்கரையில இல்லம்மா. ஏரிக்குள்ள இருக்கு!"

"அதுக்குப் படம் வேற வேணுமா? வாசலை எட்டிப் பாரு" என்றார் அம்மா.

அந்த நேரம் பார்த்து ஜன்னல் பக்கம் 'கிக்கிக்கீ' என்று சிரிப்புச் சத்தம். ஆறு வயதுத் தம்பி ரெஹான், அத்தா வெட்டிப் போட்ட துணித் துணுக்குகளைப் பையோடு ஜன்னலுக்கு வெளியே கொட்டிக்கொண்டிருந்தான்.

"இன்னாடா பண்றே?"

"கப்பல் விடறேன்க்கா. எல்லாம் ரெட் கலர் கப்பல்!"

நான்கு திட்டு திட்டத்தான் ஜுவேரியா வாயைத் திறந்தாள். ஆனால் திட்டவில்லை. சிவப்புத் துணுக்குகளையே பார்த்தாள்.

சதுர வாய் வழியாகத் தண்ணீர் உள்ளே வருகிறது என்றுதானே எல்லோரும் சொல்கிறார்கள்? அப்படியானால் துணுக்குகள் தூண்களை விட்டு விலகித்தானே வர வேண்டும்? அவை எதிர்ப்பக்கமாகப் போயின. ஒன்றன் பின் ஒன்றாக, அவசரமே இல்லாமல், தூண்களை நோக்கிப் போயின. அங்கே மூட்டைகளுக்கு மேலே கூடிச் சுற்றிச் சுற்றி வந்தன. ஒரு துணுக்கு சட்டென்று உள்ளே இழுக்கப்பட்டுக் காணாமல் போனது.

அவள் மறுபடி படத்தைப் பிரித்தாள். கரை வளையும் இடத்தில் சின்னதாக இரண்டு கட்டங்கள். பக்கத்தில் அவள் கையாலேயே எழுதியிருந்தாள்: மதகு.

"அத்தா, என்னைத் தூக்கிட்டு அந்த அஞ்சு படி வரைக்கும் வாங்க. ஒரே ஒரு தடவை."

"மழையில என்னம்மா விளையாட்டு?"

"விளையாட்டு இல்லத்தா. ஒண்ணு பாக்கணும். அது மட்டும் நிஜமா இருந்தா நாம ஆவடிக்குப் போக வேணாம்."

அத்தா அவள் முகத்தைப் பார்த்தார். அந்த முகத்தில் அழுகை முட்டிக்கொண்டு நின்றது. அவர் குனிந்தார். ஜுவேரியா உப்பு மூட்டை ஏறிக்கொண்டாள்.

முழங்கால் தண்ணீரில் நடந்து படி ஏறி, பள்ளிக்கூடத் தெருவைக் கடந்தார்கள். அந்தத் தெருவுக்கு அந்தப் பக்கம் பள்ளத்தில் ஒரு பெரிய மழைநீர்க் கால்வாய் ஓடியது. கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு இருவரும் எட்டிப் பார்த்தார்கள். கால்வாயில் தண்ணீர் பாதிகூட இல்லை. சந்தைவிட அது ரொம்பக் கீழே இருந்தது. அதன் பக்கவாட்டில், பாசி படிந்த கல்லால் ஆன ஒரு சதுர வாய். அதிலிருந்து குழாயை ஒழுங்காக மூடாதது போல மெல்லிசாகத் தண்ணீர் வடிந்தது.

"இதுல என்ன பாக்கணும்?"

"கொஞ்சம் இருங்கத்தா."

ஒன்றும் வரவில்லை. மழைதான் வந்தது. அத்தாவின் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. அவர் வீட்டுப் பக்கம் திரும்பித் திரும்பிப் பார்த்தார். ஜுவேரியாவுக்குப் பயமாகிவிட்டது. தப்பாக நினைத்துவிட்டோமோ? அத்தாவை வீணாக இழுத்து வந்துவிட்டோமோ? இதற்குள் தண்ணீர் மூன்றாவது படியையும் தொட்டிருக்குமே?

"போதும்மா, வா" என்று அத்தா அவள் கையைப் பிடித்தார்.

அப்போது கல் வாயிலிருந்து சிவப்பாக ஏதோ எட்டிப் பார்த்தது. ஒரு நொடி அங்கேயே ஒட்டிக்கொண்டு நின்றது. பிறகு நழுவிக் கால்வாயில் விழுந்தது.

அத்தா அதையே பார்த்தார். "அது என் துணி. காலையில கழுத்துப் பட்டிக்கு வெட்டினது" என்றார்.

"தண்ணி அந்த வாய் வழியா உள்ள வரலைத்தா. வெளியே போகப் பாக்குது. நாமதான் மூட்டை வெச்சு விட மாட்டேங்கறோம்."

அத்தா அவளை மறுபடி தூக்கிக்கொண்டு கிட்டத்தட்ட ஓடினார்.

படியின் உச்சியில் நின்று பார்த்தால், அங்கே லூயிஸ் அங்கிள் புதிதாக ஆறு மூட்டைகளைக் கொண்டுவரச் சொல்லி விசில் ஊதிக்கொண்டிருந்தார்.

"லூயிஸ், நிறுத்துப்பா! மூட்டையை எடுக்கணும்" என்றார் அத்தா.

"இன்னா பாய் சொல்றே? எடுக்கறதா? இருக்கற தண்ணி பத்தலையா உனக்கு?"

"அது உள்ள வர்ற வழி இல்லையாம். வெளிய போற வழியாம். இவ கண்டுபிடிச்சா."

"யாரு கண்டுபிடிச்சா இன்னா? அந்த வருஷம் இதே ஓட்டையிலதான் பொங்கினு வந்திச்சு. என் கண்ணால பாத்தேன். ஜொவிட்டா அப்ப கைக்குழந்தை. ராவும் பகலும் தோள்மேல வெச்சுக்கினு நின்னேன். இந்த மூட்டை மேல எவனும் கை வெக்கக் கூடாது!"

அவர் குரல் பெரிதாக இருந்தது. ஆனால் அவர் கை, பக்கத்தில் நின்ற ஜொவிட்டாவின் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டது. அதை ஜுவேரியா பார்த்துவிட்டாள்.

அவளுக்கு முதலில், "நீங்க சொல்றது தப்பு அங்கிள்" என்று கத்த வேண்டும் போல இருந்தது. கையைப் பார்த்ததும் அது போய்விட்டது. அங்கிள் வீம்பு பிடிக்கவில்லை. அவளைப் போலவே பயந்துபோய் இருக்கிறார்.

"அங்கிள், அன்னிக்கு நீங்க அடைச்சது ரொம்ப கரெக்ட்" என்றாள்.

லூயிஸ் அங்கிள் அதை எதிர்பார்க்கவில்லை. "ஆங்?" என்றார்.

"அன்னிக்கு அந்தக் கால்வாய் போய்ச் சேர்ற ஆறு ரொம்பி, அந்தப் பக்கக் கால்வாய் நம்ம சந்தைவிட உசரமா இருந்திருக்கும். அதான் இங்க வந்திருக்கு. இன்னிக்கு கால்வாய் கீழ இருக்கு. நம்ம தண்ணிதான் உசரம். இது ஏரி அங்கிள். அது மதகு. மதகுன்னா தொறக்கவும் வேணும், மூடவும் வேணும். நாம மூடிட்டு மறந்துட்டோம்."

"தொறந்தப்புறம் அந்தாண்ட ஏறிச்சுன்னா?"

"நான் மேல நின்னு பாத்துக்கிட்டே இருக்கேன். கால்வாய் ஏறி அந்தக் கல் வாயைத் தொட்டா உடனே சொல்றேன். நீங்க அடுத்த நிமிஷமே அடைச்சிடுங்க."

"நீ கத்தினா மழையில எவனுக்குக் கேக்கும்?"

அவள் அவர் கழுத்தைப் பார்த்தாள். லூயிஸ் அங்கிளும் குனிந்து பார்த்தார். அந்த விசிலை அவர் யாருக்கும் தந்ததில்லை. ஜொவிட்டா தொட்டதற்கே ஒரு நாள் பேசாமல் இருந்தவர்.

அங்கிள் ஓடிப் போய்க் கால்வாயை ஒரு தடவை எட்டிப் பார்த்துவிட்டு வந்தார். பிறகு விசிலைக் கழற்றி ஜுவேரியாவின் கழுத்தில் மாட்டினார்.

"ஜொவிட்டா! வூட்டாண்ட போய் அந்தக் கயிறு இழுக்கற போட்டிக் கயிறு இருக்கும், எடுத்துக்கினு வா!"

மின்சாரத்தைக் காலையிலேயே நிறுத்தியிருந்தார்கள். அது நல்லதாகப் போயிற்று. அங்கிளும் அத்தாவும் தூண்களுக்கு அருகில் இறங்கி, மேலே இருந்த மூட்டையில் கயிற்றைக் கட்டினார்கள். அத்தா முடிச்சுப் போட்டால் அவிழாது. இருவரும் படி ஏறியதும் எல்லோரும் மேலே நின்று கயிற்றைப் பிடித்தார்கள். எதிர் வீட்டு மாடியிலிருந்து பங்கஜம் மாமி எண்ணினார்.

"ஒண்ணு, ரெண்டு, மூணு! இழுங்கோ!"

மூட்டை அசையவில்லை.

"அம்மா மூணாவது படியில நிக்கறாங்க! கால்ல தண்ணி!" என்று ரெஹான் ஜன்னலிலிருந்து அழுகைக் குரலில் கத்தினான்.

"இன்னொரு தரம்! ஒண்ணு, ரெண்டு, மூணு!"

தொப்பென்று முதல் மூட்டை கிளம்பி வந்தது. இழுத்தவர்கள் எல்லோரும் மொத்தமாகப் பின்னால் விழுந்தார்கள். இரண்டாவது வந்தது. மூன்றாவது வரும்போது தண்ணீரின் அடியிலிருந்து 'களக் களக்' என்று ஒரு சத்தம் கேட்டது. "யாரும் கிட்ட போவாதீங்க!" என்று அங்கிள் எல்லோரையும் படி மேலேயே நிறுத்திவைத்தார்.

இதையெல்லாம் ஜுவேரியா பார்க்கவில்லை. அவள் தெருவின் அந்தப் பக்கம், கைப்பிடிச் சுவரருகே, விசிலை உதட்டில் வைத்துக்கொண்டு நின்றாள். கல் வாயிலிருந்து தண்ணீர் சீறிக்கொண்டு கொட்டியது. கால்வாய் ஏற ஆரம்பித்தது.

ஒரு சாண் ஏறியது. இன்னும் நாலு விரல் ஏறியது. கல் வாய்க்கும் தண்ணீருக்கும் நடுவில் பாசிக்கோடு ஒன்று இருந்தது. தண்ணீர் அந்தக் கோட்டைத் தொட்டது.

ஊதலாமா? ஊதினால் அடைத்துவிடுவார்கள். அடைத்தால் ஆவடி. ஊதாமல் விட்டு, அந்த வருடம் போல ஆகிவிட்டால்? ஆனால் அவள் அங்கிளிடம் சொன்னது ஒன்றுதான்: கல் வாயைத் தொட்டால் சொல்கிறேன். அவள் கண்ணைச் சிமிட்டாமல் பார்த்தாள். தொட்டால் ஊதத்தான் வேண்டும், அது ஆவடியாகவே இருந்தாலும்.

தண்ணீர் கோட்டிலேயே நின்றது. எவ்வளவு நேரம் என்று அவளுக்குத் தெரியவில்லை. ஒரு சிவப்புத் துணுக்கு போனது. பிறகு ஒரு கூட்டமே போனது. தண்ணீர் அதற்கு மேல் ஏறவில்லை.

பின்னால் ஜொவிட்டாவின் குரல் கேட்டது. "ஜுவேரியா! உங்க வீட்டு ரெண்டாவது படி தெரியுதுடீ!"

அப்போதுதான் ஜுவேரியா விசிலை உதட்டிலிருந்து எடுத்தாள். எடுத்ததும் ஓவென்று அழுதாள். ஏன் அழுகிறாள் என்று ஜொவிட்டா கேட்கவில்லை. அவளும் சேர்ந்து அழுதாள்.

மழை விட்ட பிறகு வந்த ஞாயிற்றுக்கிழமை, சந்தில் மறுபடியும் ஒரு மூட்டை நாள். இந்தத் தடவை மிச்ச மூட்டைகளையும் எடுத்தார்கள். வாய்க்கு முன்னால் ஒரு கனமான மரக் கதவு வைத்தார்கள். அதைத் தூக்க ஒரு நீளமான கம்பி. கம்பியை எங்கே செருகுவது என்று எல்லோரும் தேடினார்கள். ரெஹான் மேலே கை காட்டினான். கல் பலகையில் இருந்த வட்ட ஓட்டையில் கம்பி கச்சிதமாகப் போய் உட்கார்ந்தது.

"நான்தான் அப்பவே சொன்னேன்ல, இது சும்மா நட்ட கல்லு இல்லேன்னு" என்றார் லூயிஸ் அங்கிள். அப்படி அவர் எப்போதும் சொன்னதில்லை. யாரும் மறுக்கவும் இல்லை.

"சொன்னேளே, நன்னா ஞாபகம் இருக்கு" என்று பங்கஜம் மாமி சுண்டலை நீட்டினார்.

ஜுவேரியா விசிலைத் திருப்பிக் கொடுக்கப் போனாள். அங்கிள் அதைத் தூணில் இருந்த ஆணியில் மாட்டினார். "இது இனிமே முறைக்காரருக்கு" என்றார்.

ஆமாம், முறை. அந்தப் பழைய ஊரின் பதினேழு வீடுகளைப் போலவே இனி ஏழு வீடுகளும் வாரத்துக்கு ஒரு வீடாகக் கால்வாயைப் பார்த்துக்கொள்ள வேண்டும். கதவைத் திறப்பதும் மூடுவதும் அவர்கள் பொறுப்பு. பட்டியல் எழுதும் வேலை ஜுவேரியாவுக்கு. இந்த வருட மழைக்காலத்தில் மிச்சமிருந்த மூன்று வாரங்களுக்கு மூன்று வீடுகள். மற்ற நான்கு வீடுகளுக்கு அடுத்த வருடம்.

டீச்சரிடம், "ஏரியிலதான் டீச்சர்" என்று அவள் சொல்லியாயிற்று. வீட்டில்தான் இன்னும் ஒன்றைக் கேட்க முடியவில்லை. தண்ணீர் வாசலைத் தாண்டவில்லை. ஆனால் ஆவடி பற்றி அத்தா வாயையே திறக்கவில்லை. பெரியத்தாவிடம் போனில் என்ன பேசினாரோ!

பட்டியலை முன் அறைக்குக் கொண்டுவந்து சுவரில் சாய்த்தாள். செங்கல் மேல் நின்ற இயந்திரத்தில் அத்தா இருபத்திரண்டாவது அங்கிக்குக் கை தைத்துக்கொண்டிருந்தார். எழுந்து வந்து பட்டியலைப் படித்தார்.

"ஏழு வீடுன்னே. பேர் ஆறுதான் இருக்கு?"

அடுத்த வருடம், ஐப்பசி முதல் வாரம் என்று எழுதிய இடத்துக்கு நேராக ஒன்றும் இல்லை. ஜுவேரியா காலால் தரையைத் தேய்த்தாள்.

"நாம அப்போ இங்க இருப்போமான்னு..."

அத்தா காதில் செருகியிருந்த தையல் சாக்பீஸை எடுத்தார். குனிந்து, அந்தக் காலி இடத்தில் 'ஹபீபுர் ரஹ்மான் வீடு' என்று எழுதினார். வெள்ளைத் தாளில் வெள்ளைச் சாக்பீஸ். ஒன்றுமே தெரியவில்லை. அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, அவள் கையிலிருந்த பேனாவை வாங்கி, அதன் மேலேயே அழுத்தி அழுத்தி மறுபடியும் எழுதினார்.

"இப்ப தெரியுதா?" என்று கேட்டுவிட்டு, இயந்திரத்தின் காலுக்கு அடியில் இருந்த செங்கல்லை உருவ ஆரம்பித்தார்.